அடுத்த யூனிட் என்ன விலை? வெந்நீர்ச் செலவின் கணக்கு

ஒரே நிறுவனத்தின் ஒரே மாதிரிக் கீசர்: 15 லிட்டர், 2,000 வாட். இரண்டு வீட்டிலும் நான்கு பேர். இரண்டு வீட்டிலும் ஆளுக்கு ஒரு வாளி வெந்நீர். அந்தக் கீசருக்காக இரண்டு மாத கரண்ட் பில்லில் ஒரு வீடு கூடுதலாகக் கட்டுவது ஏறக்குறைய 350 ரூபாய். எதிர்வீடு கட்டுவது ஏறக்குறைய 970 ரூபாய். மீட்டரில் கோளாறு இல்லை, கீசரிலும் இல்லை. தமிழ்நாட்டின் வீட்டு மின்கட்டணம் அப்படித்தான் அமைந்திருக்கிறது. கரண்ட் கீசர் நல்லதா, கேஸ் கீசர் நல்லதா, எதில் செலவு குறைவு என்று நான்கு பேரிடம் கேட்டால் நான்கு விதமாகச் சொல்வார்கள். அவரவர் வீட்டைப் பொறுத்தவரை ஒவ்வொருவர் சொல்வதும் சரியாக இருக்கக்கூடும். ஆனால் அந்தப் பதிலை அடுத்தவர் அப்படியே எடுத்துக்கொண்டால் வருடக்கணக்கில் பணம் வீணாகும். ஆகவே கணக்கை அடியிலிருந்தே போட்டுப் பார்ப்பது நல்லது. பள்ளிக்கூடப் பெருக்கல் வகுத்தல் தெரிந்தால் போதும்.

ஒரு லிட்டர் தண்ணீரை ஒரு டிகிரி சூடாக்க ஒரு கிலோ கலோரி வெப்பம் தேவை. 860 கிலோ கலோரி சேர்ந்தால் மின்சாரக் கணக்கில் ஒரு யூனிட். சென்னையில் மார்கழிக் காலையில் மேல்தொட்டித் தண்ணீர் 25 டிகிரியை ஒட்டி இருக்கும் என்று வைத்துக்கொள்வோம். குளிக்க இதமான சூடு 40 டிகிரி. 20 லிட்டர் வாளி ஒன்றை 15 டிகிரி உயர்த்த 300 கிலோ கலோரி, அதாவது 0.35 யூனிட் வேண்டும். நான்கு பேருக்கு ஒரு நாளைக்கு 1.4 யூனிட். இரண்டு மாதத்துக்கு 84 யூனிட். இது தண்ணீருக்குள் போய்ச் சேர வேண்டிய வெப்பம். மின்சாரமோ, எரிவாயுவோ, விறகோ, வெயிலோ, எதில் காய்ச்சினாலும் இந்த 84 மாறாது. இதைத் தண்ணீருக்குள் கொண்டுசேர்க்க எவ்வளவு வீணாகிறது, அதற்கு என்ன விலை கொடுக்கிறோம் என்பதில்தான் எல்லா வித்தியாசமும்.

ஊட்டியில் குழாய்த் தண்ணீர் 12 டிகிரியில் வந்தால் அதே வாளிக்கு 0.65 யூனிட் ஆகும். சென்னையைப் போல ஏறக்குறைய இரண்டு மடங்கு. வாளியை விட்டு ஷவருக்கு மாறினால் இன்னும் மோசம். நிமிடத்துக்கு 8 லிட்டர் கொட்டும் ஷவரில் பத்து நிமிடம் நின்றால் நான்கு வாளித் தண்ணீர் போய்விடும். எரிபொருளை மாற்றி மிச்சம் பிடிக்க நினைப்பவர்கள் முதலில் இதைக் கவனிக்க வேண்டும். வாளியும் சொம்பும் வைத்துக் குளிக்கும் வீட்டின் வெந்நீர்ச் செலவை எந்த ஐந்து நட்சத்திரக் கீசரும் ஷவர் வீட்டுக்குத் தந்துவிடாது.

இனி எரிவாயு. வீட்டு சிலிண்டரில் 14.2 கிலோ எல்.பி.ஜி. இருக்கிறது. ஒரு கிலோ எரிந்தால் ஏறக்குறைய 10,900 கிலோ கலோரி கிடைக்கும். யூனிட்டாக மாற்றினால் கிலோவுக்கு 12.7, முழு சிலிண்டருக்கு 180 யூனிட். 2025 ஏப்ரலில் 50 ரூபாய் ஏறிய பிறகு சென்னையில் மானியமில்லாத சிலிண்டர் 868 ரூபாய் 50 காசு ஆனது. இந்தக் கட்டுரை முழுக்க அந்த விலையையே வைத்துக்கொள்கிறேன். விலை மாறினால் கணக்கின் வழி மாறாது, எண்கள்தான் மாறும். வகுத்துப் பார்த்தால், ஒரு யூனிட் வெப்பத்தை எரிவாயுவாக வாங்க 4 ரூபாய் 80 காசு ஆகிறது. சிலிண்டர் தூக்கி வருபவருக்குக் கொடுக்கும் முப்பது ரூபாயையும் சேர்த்தால் சரியாக 5 ரூபாய்.

அந்த வெப்பம் முழுவதும் தண்ணீருக்குப் போவதில்லை. அடுப்பில் பாத்திரம் வைத்துக் காய்ச்சும்போது தீ பாத்திரத்தின் பக்கவாட்டில் ஏறிப் போய்விடுகிறது. வீட்டுக் கேஸ் அடுப்பின் வெப்பத்திறன் குறைந்தது 68 சதவீதம் இருக்க வேண்டும் என்பது இந்தியத் தர நிர்ணயம். அது சோதனைக்கூடத்தில், குறிப்பிட்ட அளவுப் பாத்திரத்தில் எடுக்கும் எண். வீட்டில் பர்னர் கரிபிடித்திருக்கும், ஜன்னல் காற்று வீசும், மூடி போட மறந்திருப்போம். 60 சதவீதம் கிடைத்தாலே நல்லது. கேஸ் கீசரில் தீயின் மேலேயே செம்புக் குழாய்ச் சுருளும் மெல்லிய தகடுகளும் நெருக்கமாக அமைந்திருப்பதால் 80 சதவீதத்துக்கு மேல் தண்ணீருக்குப் போகிறது. எனவே தண்ணீருக்குள் சேரும் ஒரு யூனிட் வெப்பத்தின் விலை கேஸ் கீசரில் 6 ரூபாய், அடுப்பில் 8 ரூபாய். நம் நான்கு பேர் வீட்டுக்கு இரண்டு மாதத்தில் கேஸ் கீசர் 8.3 கிலோ எரிக்கும். செலவு ஏறக்குறைய 507 ரூபாய். அடுப்பில் காய்ச்சினால் 11 கிலோ. ஏறக்குறைய 675 ரூபாய். சமையலுக்கும் அதே சிலிண்டர்தான் என்பதால் இந்தச் செலவு தனியாகக் கண்ணில் படுவதில்லை. "இந்த முறை சிலிண்டர் சீக்கிரம் தீர்ந்துபோச்சு" என்பதோடு பேச்சு முடிந்துவிடும்.

மின்சாரத்துக்கு வருவோம். வாளியில் போடும் ராடின் திறன் மிக அதிகம். கம்பி தண்ணீருக்குள்ளேயே மூழ்கியிருப்பதால் நூற்றுக்கு 95 தண்ணீரில் தங்கிவிடுகிறது. தொட்டிக் கீசரில் அப்படியில்லை. உள்ளே 60 டிகிரியில் நிற்கும் தண்ணீர் சுவர் வழியாகச் சூட்டை இழந்துகொண்டே இருக்கும். கீசருக்கும் குழாய்க்கும் இடையே தேங்கி ஆறிப்போகும் தண்ணீர் வேறு. குளிப்பதற்குக் கால் மணி நேரம் முன்பு போட்டு, எல்லோரும் அடுத்தடுத்துக் குளித்து, உடனே அணைக்கிற ஒழுங்கான வீட்டில்கூட 84 யூனிட் வெப்பத்துக்கு மீட்டரில் 100 யூனிட் ஓடும் என்று கொள்ளலாம். சுவிட்சை அணைக்காமல் இருபத்துநான்கு மணி நேரமும் விட்டுவைக்கும் வீட்டில் சும்மா நிற்பதற்கே ஒரு நாளைக்கு அரை யூனிட்டிலிருந்து ஒரு யூனிட்வரை போகும். இரண்டு மாதத்தில் 30 முதல் 60 யூனிட், யாரும் குளிக்காமலே. கீசரில் ஒட்டியிருக்கும் பி.இ.இ. நட்சத்திர லேபிளில் இந்த இழப்பு எண்ணாகவே அச்சிட்டிருக்கிறது. நட்சத்திரத்தை எண்ணுகிறவர்கள் அந்த எண்ணையும் ஒருமுறை படித்துவிட்டு வாங்க வேண்டும்.

3 லிட்டர் உடனடிக் கீசரில் இந்த நிற்கும் இழப்பு மிகக் குறைவு. ஆனால் 3,000 வாட் சக்தியால் நிமிடத்துக்கு மூன்று லிட்டருக்கும் குறைவாகத்தான் 15 டிகிரி உயர்த்த முடியும். வாளி நிரம்ப ஏழு நிமிடம் ஆகும். கேஸ் கீசர் நிமிடத்துக்கு 6 லிட்டரை 25 டிகிரி உயர்த்துகிறது. அந்த வேகத்தை மின்சாரத்தில் பெற வேண்டுமானால் 10 கிலோவாட்டுக்கு மேல் இழுக்கும் கருவி வேண்டும். நம் சிங்கிள் ஃபேஸ் வீட்டு ஒயரிங் அதைத் தாங்காது. கேஸ் கீசரை ஒருமுறை பழகியவர்கள் விட மறுப்பதற்குக் காரணம் பெரும்பாலும் செலவல்ல, இந்த வேகம்தான். கூட்டுக் குடும்பத்தில் காலை ஏழு மணிக்கு ஆறு பேர் வரிசையில் நிற்கும்போது அதன் அருமை தெரியும்.

எரிவாயுவில் முதல் கிலோவுக்கும் கடைசிக் கிலோவுக்கும் ஒரே விலை. மின்சாரத்தில் அப்படி இல்லை. கணக்கு திசைமாறுவது இந்த இடத்தில்தான். 2016 மே மாதத்திலிருந்து தமிழ்நாட்டில் எல்லா வீடுகளுக்கும் இரண்டு மாதத்துக்கு முதல் 100 யூனிட் இலவசம். 2024 ஜூலையில் ஏறிய கட்டணத்தை வைத்துப் பார்த்தால், மொத்தப் பயன்பாடு 500 யூனிட்டுக்குள் இருக்கும் வீட்டுக்கு 101 முதல் 200 வரை யூனிட்டுக்கு 2 ரூபாய் 35 காசு அளவில் வருகிறது. அடுத்து 400 வரை 4 ரூபாய் 70 காசை ஒட்டி. பிறகு 500 வரை ஆறேகால் ரூபாய்க்குச் சற்று மேல். அதையும் தாண்டினால் 600 வரை எட்டரை ரூபாய் அளவில், 800 வரை ஒன்பதரை அளவில், 1,000 வரை பத்தரை அளவில், அதற்கும் மேல் பதினொன்றரை ரூபாயைத் தாண்டும். 2025 ஜூலையில் மற்ற பிரிவினருக்குக் கட்டணம் உயர்ந்தபோது வீடுகளுக்கான உயர்வை அரசே மானியமாக ஏற்றுக்கொண்டது.

கீசர் வாங்கும் வீட்டுக்கு அதன் 100 யூனிட் எந்த விலையில் வரும்? விளக்கு, மின்விசிறி, ஃபிரிட்ஜ், மிக்ஸி எல்லாம் கீசர் வருவதற்கு முன்பே கட்டணத்தின் கீழ்ப்படிகளை எடுத்துக்கொண்டுவிட்டன. கீசருக்கு மிச்சமிருப்பது மேல்படி. எனவே மொத்த பில்லை மொத்த யூனிட்டால் வகுத்து வரும் சராசரி இங்கே உதவாது. "எனக்கு யூனிட்டுக்கு மூணு ரூபாய்தான் விழுது, கரண்ட்தான் மலிவு" என்று சராசரி பார்த்து முடிவெடுப்பது இந்த விஷயத்தில் மிகப் பரவலான தவறு. அடுத்த யூனிட் என்ன விலை என்றுதான் பார்க்க வேண்டும்.

கீசர் இல்லாமல் இரண்டு மாதத்துக்கு 150 யூனிட் ஓடும் வீடு ஒன்று. கீசர் வந்ததும் 250 ஆகும். கூடுதல் செலவு சுமார் 350 ரூபாய். கேஸ் கீசரின் 507-ஐவிட 150 ரூபாய்க்கு மேல் மலிவு. 300 யூனிட் ஓடும் வீடு 400-க்குப் போனால் கூடுதல் 470 ரூபாய். இங்கும் மின்சாரமே மலிவு, ஆனால் வித்தியாசம் 40 ரூபாய்க்குள் சுருங்கிவிட்டது. 700 யூனிட் ஓடும் வீடு 800-க்குப் போனால் ஏறக்குறைய 950 ரூபாய். கேஸ் அதில் பாதிதான். மிகக் கொடுமையாக அடிவாங்குவது நடுவில் இருக்கும் 450 யூனிட் வீடு. 550-க்கு ஏறும்போது முதல் 50 யூனிட் ஆறேகால் ரூபாய்க்கு மேல், அடுத்த 50 எட்டரை ரூபாய் அளவில். அதோடு நிற்காது. 500-ஐத் தாண்டிய நிமிடமே 101 முதல் 200 வரைக்குக் கிடைத்துவந்த சலுகை விலையும் பறிபோகிறது. அதற்குத் தனியாக 235 ரூபாய். மொத்தம் 970. முதல் பத்தியில் சொன்ன எதிர்வீடு இதுதான். 501-வது யூனிட் ஒன்றுக்காக 240 ரூபாய்க்கு மேல் கட்டுகிறோம் என்று தெரிந்தால், மாதக்கடைசியில் மீட்டரைப் போய்ப் பார்க்காத வீடு இருக்காது.

ஆக, தொட்டிக் கீசருக்கும் கேஸ் கீசருக்கும் செலவு சமமாகும் புள்ளி, அடுத்த யூனிட்டின் விலை 5 ரூபாயாக இருக்கும் இடம். தமிழ்நாட்டுப் படிகளில் அது 400 யூனிட் கோட்டில் விழுகிறது. கீசரையும் சேர்த்து 400-க்குள் நிற்கும் வீட்டுக்கு மின்சாரம். 500-ஐத் தாண்டும் வீட்டுக்கு எரிவாயு. இடைப்பட்டவர்கள் 500-ஐத் தாண்டாமல் பார்த்துக்கொள்ள முடிந்தால் இரண்டில் எதுவானாலும் பெரிய நஷ்டமில்லை.

இதில் பருவத்தையும் பார்க்க வேண்டும். பலர் சித்திரை வைகாசி பில்லைக் கையில் வைத்துக்கொண்டு, 'ஏற்கெனவே 700 யூனிட் ஓடுது, கரண்ட் கீசர் கட்டுப்படியாகாது' என்று முடிவுக்கு வருகிறார்கள். அந்த 700-ல் பெரும்பகுதி ஏ.சி. சமவெளியில் ஏ.சி. ஓடும் மாதங்களில் யாரும் வெந்நீர் தேடுவதில்லை. கார்த்திகை, மார்கழி, தை மாதங்களில் ஏ.சி. ஓய்ந்திருக்கும், மின்விசிறிகூட மெதுவாகச் சுற்றும். அதே வீடு அப்போது 300 யூனிட்டில் நிற்கலாம். எனவே கீசர் முடிவுக்குப் பார்க்க வேண்டியது டிசம்பர், ஜனவரி மாதங்களை உள்ளடக்கிய பில்லை. கோடையில் 700 ஓடும் பல நடுத்தரக் குடும்பங்களுக்கு இந்த ஒரு திருத்தமே பதிலை மாற்றிவிடும். வருடம் முழுவதும் வெந்நீரில் குளிக்கும் முதியவர்கள் உள்ள வீட்டுக்கு மட்டும் இது பொருந்தாது. அங்கே ஆறு பில்லையும் தனித்தனியாகப் பார்க்க வேண்டும்.

வாடகை வீட்டுக்காரர்களின் நிலைமை வேறு. சென்னையில் பல குடித்தனங்களில் மின்வாரியத்தின் படிகள் குடியிருப்பவரை வந்து சேர்வதே இல்லை. சப்-மீட்டர் வைத்து யூனிட்டுக்கு ஏழு, எட்டு, சில இடங்களில் இன்னும் கூடுதலாக ஒரே விலை வாங்குகிறார்கள். அவர்களுக்கு இலவச 100 யூனிட்டும் இல்லை, சலுகை விலையும் இல்லை. யூனிட் 8 ரூபாய் என்றால் நம் 100 யூனிட்டுக்கு 800 ரூபாய். கேஸ் கீசரின் 507-க்குப் பக்கத்தில்கூட வராது. குறைந்த வருமானத்தில் ஒற்றை அறையில் குடியிருப்பவர், சொந்த பங்களாவில் ஏ.சி. போட்டிருப்பவரின் மேல்படி விலையை வெந்நீருக்குக் கொடுக்கிறார். கணக்கைப் போடும்போது மனம் மிகவும் நோகும் இடங்களில் இது ஒன்று.

"கேஸ்தான் மலிவு" என்ற பேச்சு நம்மிடம் வேரூன்றியதற்கு வெளிநாட்டுக் கணக்கும் ஒரு காரணம். அமெரிக்காவில் வீட்டுக்குள் வருவது குழாய்வழி இயற்கை எரிவாயு. அங்கே ஒரு யூனிட் வெப்பம் எரிவாயுவாக வாங்க ஏறக்குறைய 5 சென்ட். மின்சாரமாக வாங்க 16, 17 சென்ட். தொட்டிக் கேஸ் ஹீட்டரில் புகைபோக்கி வழியே கணிசமான பங்கு வீணானாலும் கேஸ் பாதி விலையில் முடிந்துவிடுகிறது. பிரிட்டனில் மின்சாரம் எரிவாயுவைப் போல நான்கு மடங்கு விலை. சிலிண்டரில் அடைத்து லாரியில் ஏற்றி மாடிப்படி தூக்கி வரும் நம் எல்.பி.ஜி.க்கும் அந்தக் குழாய் எரிவாயுவுக்கும் விலையில் ஒற்றுமை கிடையாது. முதல் படிகளை இலவசமாகவும் சலுகையாகவும் தரும் கட்டணம் அங்கே வழக்கத்தில் இல்லை. எனவே அந்த ஊர்களின் அறிவுரையை இங்கே மொழிபெயர்த்துத் தருவது வாசகருக்குக் கெடுதல். தமிழ்நாட்டிலும் சென்னை, கோவை, திருப்பூர் போன்ற பகுதிகளில் குழாய் எரிவாயு வீடுகளுக்கு வரத் தொடங்கியிருக்கிறது. அந்த இணைப்பு உள்ளவர்கள், ஒரு கன மீட்டர் ஏறக்குறைய 10 யூனிட் வெப்பம் என்று வைத்து, பில்லில் உள்ள விலையைப் பத்தால் வகுத்து, பிறகு 0.8-ஆல் வகுத்தால் தங்கள் எண் கிடைத்துவிடும்.

செலவுக்கணக்கில் வராத, ஆனால் எல்லாச் செலவையும்விடப் பெரிய ஒன்று உயிர். கேஸ் கீசர் எரியும்போது அறையின் ஆக்சிஜனைக் குடிக்கிறது. காற்று போதாவிட்டால் கார்பன் மோனாக்சைடு உண்டாகிறது. அதற்கு நிறமில்லை, வாசனையில்லை. தாழ்ப்பாள் போட்ட சிறிய குளியலறையில், குளிருக்காக ஜன்னலையும் அடைத்துக்கொண்டு குளிப்பவர் தலைசுற்றுவது தெரிவதற்குள் மயங்கி விழுகிறார். குளியலறையில் விழுந்து வலிப்புடன் கொண்டுவரப்பட்டவர்களைப் பற்றி இந்திய நரம்பியல் மருத்துவர்கள் ஆய்விதழ்களில் எழுதியிருக்கிறார்கள். வலிப்பு நோய் என்று நினைத்து மாத்திரை தொடங்கப்படும் ஆபத்தையும் சுட்டிக்காட்டியிருக்கிறார்கள். கேஸ் கீசரைக் குளியலறைக்குள் மாட்டக் கூடாது. சர்வீஸ் பால்கனியிலோ வெளிச்சுவரிலோ மாட்டி, குழாயை மட்டும் உள்ளே கொண்டுவர வேண்டும். வெளியே மாட்ட இடமில்லாத வீட்டுக்கு, மாதம் ஆயிரம் ரூபாய் மிச்சம் என்றாலும், கேஸ் கீசர் வேண்டாம் என்பதே என் முடிவு. இதில் பேரத்துக்கு இடமில்லை.

மின்சாரத்திலும் ஆபத்து உண்டு. வாளியில் ராடைப் போட்டுவிட்டு, சூடாகிவிட்டதா என்று கை விட்டுப் பார்த்து இறந்தவர்களைப் பற்றி ஒவ்வொரு வருடமும் செய்தி வருகிறது. சுவிட்சை அணைத்து, பிளக்கைப் பிடுங்கிய பிறகே தண்ணீரைத் தொட வேண்டும். வீட்டின் மெயின் போர்டில் 30 மில்லி ஆம்பியர் ஆர்.சி.சி.பி. இருந்தால், கசிவு உடம்பு வழியே பாயும்போது அது நொடியின் சிறு பங்கில் இணைப்பைத் துண்டித்துவிடும்.

போர் தண்ணீர் ஊர்களில் உப்பும் செலவுதான். கீசரின் கம்பிமேல் வெள்ளையாகப் படியும் உப்பு வெப்பம் இறங்குவதைத் தடுக்கும். கடைசியில் கம்பியே எரிந்துபோகும். 60 டிகிரிக்கு மேல் வைத்தால் படிவு வேகமாகும். 50-ல் வைத்தால் உப்பும் குறையும், நிற்கும் இழப்பும் குறையும். தொட்டிக்குள் இருக்கும் மெக்னீசியக் கம்பியை இரண்டு வருடத்துக்கு ஒருமுறையாவது பார்த்து மாற்றச் சொல்ல வேண்டும். கேஸ் கீசருக்கோ தண்ணீர் அழுத்தம் ஒரு சிக்கல். மேல்தொட்டி தலைக்கு நேர்மேலே இருக்கும் ஒற்றை மாடி வீட்டில் போதுமான அழுத்தம் கிடைக்காமல் தீ பற்றாது. இதை வாங்குவதற்கு முன்பே பார்த்துக்கொள்ள வேண்டும்.

இரண்டையும் விட்டுவிட்டு மூன்றாவதாக யோசிப்பவர்களுக்கு வெயில் இருக்கிறது. மொட்டைமாடியில் கண்ணாடிக் குழாய் சோலார் ஹீட்டர் வைத்த வீட்டுக்கு வெயில் நாட்களில் வெந்நீரின் நடப்புச் செலவு பூஜ்யம். கோவை, சேலம், ஈரோடு பக்கம் தை மாதம் வெயில் பளிச்சென்று அடிக்கும். அங்கே இது அருமையான ஏற்பாடு. சென்னை, கடலூர், நாகைக் கரையில் வடகிழக்குப் பருவமழை மேகம் மூடும் ஐப்பசி, கார்த்திகையில்தான் வெந்நீர் ஆசையும் தொடங்குகிறது. அந்த நாட்களுக்கு மின்சாரத் துணை தேவைப்படும். வெளிக்காற்றின் வெப்பத்தை உறிஞ்சித் தண்ணீருக்குள் தள்ளும் ஹீட் பம்ப், ஒரு யூனிட் மின்சாரத்துக்கு மூன்று யூனிட் வெப்பம் தருகிறது. நம் 84 யூனிட்டை 28 யூனிட் மின்சாரத்தில் முடித்துவிடும். மேல்படி வீட்டிலும் 270 ரூபாய்தான் ஆகும். காற்றே வெதுவெதுப்பாக இருக்கும் தமிழகக் கடற்கரைக்கு இது மிகப் பொருத்தமான கருவி. ஒரு குடும்பம் தனியாக வாங்க விலை அதிகம். ஆனால் விடுதி, மருத்துவமனை, லாட்ஜ், கல்யாண மண்டபம் நடத்துபவர்கள் வீட்டு சிலிண்டரைப் பயன்படுத்தக் கூடாது. வணிக சிலிண்டர் வாங்க வேண்டும், அதன் விலை கிலோ கணக்கிலும் கூடுதல். அவர்கள் ஹீட் பம்பையும் சோலாரையும் சேர்த்துப் போடாமல் இருப்பதற்குப் பணக் காரணம் எதுவும் எனக்குத் தெரியவில்லை.

நாட்டுக் கணக்கு வீட்டுக் கணக்கோடு ஒத்துப்போகாது. இந்தியா தன் எல்.பி.ஜி. தேவையில் ஏறக்குறைய 60 சதவீதத்தை இறக்குமதி செய்கிறது. அதில் பெரும்பகுதி வளைகுடாவிலிருந்து ஹோர்முஸ் நீரிணை வழியாக வருகிறது. அந்தப் பக்கம் சண்டை மூண்டால் நம் அடுப்படிவரை சுடும். மின்சாரம் பெரும்பாலும் உள்நாட்டு நிலக்கரியில் வருகிறது, ஆனால் புகை அதிகம். நம் வீட்டின் இரண்டு மாத வெந்நீருக்கு மின்கீசர் வழியாக 70 கிலோவுக்கு மேல் கரியமில வாயு. கேஸ் கீசர் வழியாக 25 கிலோ. தமிழ்நாட்டில் காற்றாலை இருக்கிறதே என்றால், காற்று அடிப்பது வைகாசியிலிருந்து புரட்டாசிவரை. மார்கழி காலை ஆறு மணிக்குக் காற்றும் இல்லை, சூரியனும் வரவில்லை. அந்த நேரத்துக் கீசர் பெரும்பாலும் நிலக்கரியில்தான் சூடாகிறது.

இவ்வளவு கணக்கிலும் என்னை மிகவும் உறுத்துவது கீழ்ப்படியில் இருக்கும் வீடுகள். இரண்டு மாதத்துக்கு 60 யூனிட் ஓடும் வீடுகள் இன்னும் ஏராளம்: இரண்டு விளக்கு, ஒரு மின்விசிறி, ஒரு டி.வி. இலவச 100 யூனிட்டில் 40 யூனிட்டை அவர்கள் தொடுவதே இல்லை. அந்த வீட்டிலும் பிள்ளை பெற்ற பெண் இருப்பாள், கைக்குழந்தை இருக்கும், மூட்டுவலிக்காரப் பாட்டி இருப்பார். தண்ணீர் காய்வது விறகடுப்பில், அல்லது கேஸ் அடுப்பில். நான்கு வாளிக் கணக்கையே வைத்துக்கொண்டால், மத்திய அரசின் உஜ்வாலா திட்டத்தின் 300 ரூபாய் மானியம் போக 568 ரூபாய் 50 காசுக்கு சிலிண்டர் வாங்குபவருக்கும் அடுப்பில் காய்ச்ச இரண்டு மாதத்துக்கு 440 ரூபாய் ஆகிறது. அதே தண்ணீரை மின்சாரத்தில் காய்ச்சினால் 88 யூனிட். அதில் 40 இலவசம்; மீதி 48 யூனிட்டுக்கு 113 ரூபாய். நான்கில் ஒரு பங்கு. மாநிலத்திலேயே மலிவான வெந்நீர் அந்த வீட்டின் மீட்டரில் காத்திருக்கிறது. அந்த வீடோ அதிக விலையுள்ள வெந்நீரைக் காய்ச்சுகிறது, அல்லது விறகுப் புகையில் கண்ணைக் கசக்குகிறது.

அவர்கள் மின்சாரத்துக்கு மாறாததற்குக் காரணம் அறியாமை என்று சொல்லிவிட முடியாது. அந்த வீட்டு ஒயரிங்கில் எர்த் இருக்காது. 5 ஆம்பியர் பிளக்கில் 1,500 வாட் ராடைச் செருகினால் பிளக் உருகும். ஷாக் அடித்துச் செத்தவர் கதை தெருவுக்கு ஒன்று இருக்கும். பயம் நியாயமானது. அந்தப் பயத்தைப் போக்க ஒரு ஆர்.சி.சி.பி., முறையான எர்த், 16 ஆம்பியர் பிளக் பாயிண்ட் ஒன்று, ராடுக்குப் பதிலாகச் சுவரில் மாட்டும் 3 லிட்டர் சிறு கீசர் ஒன்று, இவ்வளவும் வேண்டும். ஆர்.சி.சி.பி. விலை ஏறக்குறைய இரண்டாயிரம் ரூபாய்க்குள் அடங்கும். நான்கு மாதக் குளிர்காலத்தில் அந்த வீட்டுக்கு மிஞ்சும் பணம் 650 ரூபாய். மூன்று குளிர்காலத்தில் அது திரும்பிவிடும். 2006 தேர்தலுக்குப் பிறகு இலவச கேஸ் அடுப்பும், 2011-க்குப் பிறகு மிக்ஸியும் கிரைண்டரும் மின்விசிறியும் வீடுதேடிக் கொடுத்த மாநிலம் இது. மீட்டர் பெட்டிக்குப் பக்கத்தில் ஒரு ஆர்.சி.சி.பி.யும் தரையில் ஒரு எர்த் கம்பியும் பதித்துத் தருவதை 100 யூனிட்டுக்குள் ஓடும் வீடுகளிலிருந்து தொடங்கலாம். யார் அந்த வீடுகள் என்ற பட்டியல் மின்வாரியத்தின் கணினியில் ஏற்கெனவே இருக்கிறது.